நாற்பது நொடி முன்னால் இருக்கும் வீடு

தோற்கப் போகிறது என்று தெரிந்த ஆட்டத்தின் கடைசி நிமிடத்தை, ஏழு வயதுப் பெண்ணைப் பார்க்க விடலாமா, கூடாதா? இன்றுவரை எனக்குப் பதில் தெரியவில்லை. தெரியும் என்று நினைத்த ஒரே ஒரு மாலையில்தான் நான் தவறு செய்தேன். அதற்குப் பிறகு யோசித்து யோசித்துப் பார்க்கிறேன். சில நாள் கூடாது என்று படுகிறது. சில நாள், நான் யார் அதைத் தீர்மானிக்க என்று படுகிறது.

எங்கள் அணி எது என்று சொல்லப் போவதில்லை. சட்டையின் நிறத்தைச் சொன்னாலே நீங்கள் கண்டுபிடித்துவிடுவீர்கள், பிறகு பாதிப் பேர் என் கேள்வியை விட்டுவிட்டு அணியைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவீர்கள். ஆறேழு வருடமாகத் தோற்றுத் தோற்று ஜெயிக்கிற அணி என்பது மட்டும் போதும். பள்ளியில் படித்தபோது நான் கால்பந்து ஆடியவள். பின்வரிசையில் நின்று தடுக்கிற வேலை. என் கணவர் ஆடியதே இல்லை, ஆனால் பார்ப்பதில் என்னைவிடத் தீவிரம். மகள் எங்கள் இருவரிடமிருந்தும் எடுத்துக்கொண்டு தனக்கென்று ஒருவரைப் பிடித்துக்கொண்டாள். அணியின் கீப்பர். "அவரு மட்டும்தான் கையால தொடலாம், வேற யாரும் தொடக்கூடாது" என்று வருகிறவர்களுக்கெல்லாம் விளக்குவாள். மொட்டைமாடியில் இரண்டு குடத்தை வைத்து நடுவில் நின்றுகொண்டு, என்னைப் பந்தை உதைக்கச் சொல்வாள். ஒரு குடம் நசுங்கிவிட்டது.

ஆனால் இந்த அணியின் ஆட்டத்தைப் பார்ப்பது என்பது எங்கள் வீட்டில் லேசான காரியம் இல்லை. முதலில் கேபிளில் வந்துகொண்டிருந்தது. ஒரு நாள் சேனல் இருந்த இடத்தில் நகை விளம்பரம் ஓடியது. கேபிள்காரத் தம்பிக்குப் போன் செய்தேன்.

"அக்கா, அந்த சேனலு உங்க பேக்ல இல்ல. தனியா போடணும்."

"போட்டுடுப்பா."

"போடறேங்க்கா. ஆனா இந்த சீசன் அதுல வராதாம். வேற எதுக்கோ போயிடுச்சாம்."

"எதுக்குப் போச்சு?"

"அது எனுக்கே தெரியலக்கா. தெரிஞ்சா நானே பாப்பேனே."

அது ஒரு செயலிக்குப் போயிருந்தது. அடுத்த வருடம் வேறொரு செயலிக்குப் போனது. இரண்டிலும் கணவரின் எண்ணில்தான் கணக்கு. ஒரு நேரத்தில் ஒரு திரையில்தான் பார்க்கலாம். எங்கள் டிவி பழையது, அதில் செயலி எதுவும் ஏறாது. ஆகவே என் கைப்பேசியில்தான். அதிலும் பத்து நாளைக்கு ஒரு முறை தானாக வெளியே தள்ளிவிடும். திரும்ப உள்ளே போக அவருடைய எண்ணுக்கு ஓடிபி வரும். அவர் ஒரகடம் பக்கத்துத் தொழிற்சாலை ஒன்றில் ஷிப்டு வேலை பார்க்கிறார். வாசலிலேயே கைப்பேசியை வாங்கிப் பெட்டியில் வைத்துவிடுவார்கள். வேலை முடிந்தால்தான் திரும்பக் கிடைக்கும். அதனால் ஆட்ட நாளில் அவர் உள்ளே நுழைவதற்குள் நான் ஓடிபியைப் பிடித்தாக வேண்டும்.

"வந்துச்சாங்க?"

"வரல."

"அனுப்பிட்டேன், பாருங்க. ஒரு நிமிஷம்தான் செல்லும்."

"கேட்டாண்ட நிக்கறேன்மா. பின்னாடி ஆளுங்க நிக்கறாங்க."

"நம்பர மட்டும் சொல்லுங்க."

"நாலு, ஏழு, ஒண்ணு... இரு, லைட் அணைஞ்சிடுச்சு."

பின்னால் யாரோ, "இன்னா தலைவரே, வூட்ல கணக்குப் பாடமா" என்று கேட்பது எனக்குக் கேட்கும். நான் உண்மையில் கணக்குப் படித்தவள். இரண்டு வருடம் பள்ளியில் பாடமும் எடுத்தேன். மகள் பிறந்ததும் நின்றுவிட்டேன். இப்போது நாலு இலக்க எண்ணுக்காக வாசலில் கைப்பேசியைக் காதில் வைத்துக்கொண்டு நிற்கிறேன் என்று ஒரு கணம் தோன்றும். அடுத்த கணம், ஆட்டம் தொடங்கிவிடுமே என்று தோன்றும்.

இவ்வளவும் சரியாக நடந்தாலும் சாமி புறப்பாடு வந்தால் எல்லாம் போயிற்று. பெரிய காஞ்சிபுரத்தில் எங்கள் தெரு அகலம் குறைந்தது. வாகனம் வருவதற்கு முன்னால் குறுக்கே போகிற கம்பிகளை எல்லாம் அவிழ்த்துவிடுவார்கள். ஒரு முறை சாமி போய் இரண்டு நாள் கழித்தும் வீட்டு இணையம் திரும்பவில்லை. அன்றிலிருந்து கைப்பேசியின் சொந்த இணையத்தையே நம்பிப் பார்க்கப் பழகினோம். பிளாஸ்க்கில் சாய்த்து வைத்துவிட்டு, இருவரும் பாயில் உட்கார்ந்து கழுத்தை நீட்டிக்கொண்டு பார்ப்போம். பந்து மிளகு அளவுக்குத் தெரியும்.

பக்கத்து வீடு அப்படி இல்லை. எங்கள் வீட்டுக்கும் அவர்கள் வீட்டுக்கும் ஒரே சுவர். அங்கே இருக்கிற அண்ணன் பட்டு நெய்கிறவர். அக்கா எதிர்ப்பக்கம் உட்கார்ந்து, சேலைக் கரைக்கு நூல் ஓட்டுகிற நாடாவைத் தள்ளுவார். மொட்டைமாடியில் டிஷ் வைத்திருக்கிறார்கள். தறிக்கு எதிரே சுவரில் டிவி. அண்ணனும் எங்கள் அணிதான். கால் மிதித்துக்கொண்டே இருக்கும், கை எறிந்துகொண்டே இருக்கும், கண் மட்டும் பந்தோடு போகும்.

அவர்கள் டிவியில் வருவது என் கைப்பேசியில் வர நாற்பது நொடி ஆகும். கடிகாரம் வைத்துப் பார்த்திருக்கிறேன். சில நாள் முப்பத்தைந்து, சில நாள் ஐம்பது. அண்ணன் "கோல்" என்று கத்துவார். இங்கே பந்து இன்னும் நடு மைதானத்தில் உருண்டுகொண்டிருக்கும். மகளுக்கு இது பிடிக்காது. சுவருக்கு அந்தப் பக்கம் குரல் எழும்பினாலே இரண்டு காதையும் பொத்திக்கொள்வாள். "எனுக்கு முன்னாடியே தெரிய வேணாம்மா" என்பாள்.

கத்தலுக்குத்தான் காதைப் பொத்த முடியும். தறிச் சத்தம் நின்றுபோனால் அதைக் கேட்க அவளுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். நான் தறி வீட்டில் பிறந்தவள். அப்பா தறியில் இருக்கிறாரா, எழுந்துவிட்டாரா, நூல் அறுந்ததா, கோபமாக நெய்கிறாரா என்பதெல்லாம் அடுப்படியில் இருந்தே அம்மாவுக்குத் தெரியும். பிறகு எனக்கும் தெரிந்தது. அதே காதால் பக்கத்து வீட்டுத் தறியைக் கேட்டேன். சத்தம் சீராகப் போனால் ஆட்டம் நடுவில் நடக்கிறது. தடுமாறினால் பந்து யாருடைய கோலுக்கோ போகிறது. நின்று, உடனே தொடர்ந்தால் பந்து வெளியே போய்விட்டது. நின்று, கத்தல் வந்தால் நமக்குக் கோல். நின்று, கத்தலும் வராமல், தறியும் ஓடாமல் அப்படியே இருந்தால் எதிரணி போட்டுவிட்டது. ஆட்டமே போய்விட்டது என்றால் அண்ணன் டிவியையும் அணைத்துவிடுவார். அப்போது சுவருக்கு அந்தப் பக்கம் ஒன்றுமே இருக்காது.

நாற்பது நொடி என்பது ஒரு தாய்க்கு நிறைய நேரம்.

இதை எதற்குப் பயன்படுத்தினேன் என்று சொல்கிறேன். போன சீசனில் ஒரு ஆட்டம். கடைசி நிமிடத்தில் தோற்றோம். கீப்பரின் கைக்குக் கீழே பந்து நழுவிப் போனதை மகள் பார்த்தாள். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குத் தெரிந்திருக்கும். சாப்பிட்டதை எல்லாம் வாந்தி எடுத்தாள். இரண்டு நாள் காய்ச்சல். டாக்டர், "பரபரப்பா எதையும் காட்டாதீங்கம்மா, சில கொழந்தைங்களுக்கு ஒத்துக்காது" என்றார். அந்த வாக்கியத்தை என்னால் விட்டுவிட முடியவில்லை. ஒரு வாரம் கைப்பேசியையே மறைத்து வைத்தேன். பிறகு கணவர் சொன்னார், "தோத்தா அழட்டும், வாந்தி எடுக்கட்டும். அதுக்குன்னு ஜெயிக்கறதையும் பாக்கக் கூடாதா?" அதுவும் நியாயமாகப் பட்டது. ஆனால் வாந்தி எடுக்கும்போது நெற்றியைப் பிடித்துக்கொள்ள அவர் வீட்டில் இருக்க மாட்டார்.

அதனால் ஒரு நடுவழி கண்டுபிடித்தேன். தறி நின்று நிசப்தமானால், "போய் ஒரு சொம்பு தண்ணி எடுத்துக்கினு வாடா" என்பேன். அவள் போய்விட்டு வருவதற்குள் இங்கே கோல் விழுந்து, வீரர்கள் நடுவுக்குத் திரும்பியிருப்பார்கள். எண்ணிக்கை மட்டும் மாறியிருக்கும். "போட்டுட்டாங்களா?" என்று கேட்பாள். "ஆமாடா, பரவால்ல" என்பேன். விழுவதைப் பார்க்கவில்லை என்றால் அவளுக்கு அவ்வளவு வலிப்பதில்லை. மூன்று நாலு முறை இப்படிச் செய்தேன். ஒரு முறைகூட வாந்தி இல்லை. எனக்குள் சின்னதாக ஒரு பெருமைகூட இருந்தது.

அக்கா பல தடவை கூப்பிட்டிருக்கிறார். "எதுக்குடி அந்த சின்னப் பொட்டியில கண்ண சுருக்கிக்கினு பாக்கறீங்க. எங்க வூட்டுக்கு வாங்களேன். பாப்பா அந்தாண்ட உக்காந்துக்கட்டும்."

"வேல நேரத்துல எதுக்குக்கா. இவ கத்துவா."

"இந்தாளு கத்தறதவிடவா? போன வாரம் இவரு எகிறி நாடா போய் என் மூஞ்சில வுழுந்துச்சு. கோலு யாருக்குன்னு கேக்கறேன், மூக்கப் புடிச்சிக்கினு."

சிரித்துவிட்டு வந்துவிடுவேன். தறிக்கு இடைஞ்சல் என்று சொன்னது பொய் இல்லை. ஆனால் முழுக் காரணமும் அது இல்லை. அவர்கள் வீட்டில் ரிமோட் என் கையில் இருக்காது.

அந்த ஞாயிற்றுக்கிழமை நாலரை மணி ஆட்டம். ஜெயித்தால் அடுத்த சுற்று. டிரா ஆனாலும் போயிற்று, சீசன் முடிந்தது. கணவருக்கு அந்த வாரம் ஞாயிறும் வேலை. மதியமே ஓடிபி வாங்கிவிட்டேன். மகள் மூன்று மணிக்கே பாயை விரித்து, பிளாஸ்க்கை வைத்து, தன் பள்ளி விளையாட்டுக் கையுறையைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். அது கிரிக்கெட்டுக்கு வாங்கியது, ஒரு கைக்குத்தான் இருக்கிறது.

ஆட்டம் தொடங்கி அரை மணி ஆனபோது சுவருக்கு அந்தப் பக்கம் கத்தல். இவள் காதைப் பொத்திக்கொண்டாள். பொத்திக்கொண்டே சிரித்தாள். நாற்பது நொடி கழித்து எங்களுக்கும் கோல் விழுந்தது. அப்புறம் இரண்டாம் பாதி முழுக்க எதிரணிதான் தாக்கிக்கொண்டிருந்தது. தறி தடுமாறும், நிற்கும், ஓடும். கீப்பர் ஒவ்வொன்றாகப் பிடித்துக்கொண்டிருந்தார். மகள் முட்டிபோட்டு உட்கார்ந்து, கைப்பேசியை அணைத்துக்கொள்வதுபோல் இரண்டு பக்கமும் கை வைத்திருந்தாள். "ஆட்டாத, சாஞ்சிடும்" என்று இரண்டு முறை சொன்னேன்.

எண்பத்தேழாவது நிமிடம். திரையில் ஒன்றும் நடக்கவில்லை. யாரோ பந்தை வெளியிலிருந்து எறியப் போகிறார்கள். தறி நின்றது.

நின்றது நின்றதுதான். கத்தல் இல்லை. தறி திரும்ப ஓடவில்லை. நான் எண்ண ஆரம்பித்தேன். பத்து, பதினைந்து. டிவியின் முணுமுணுப்பும் கேட்கவில்லை என்பதைக் கவனித்தேன். எண்ணுவதை அங்கேயே விட்டுவிட்டேன். அண்ணன் டிவியை அணைத்துவிட்டார். அப்படியென்றால் போய்விட்டது.

அரை நிமிடம் கழித்துத் திரையில் எங்கள் ஆள் ஒருவர் கோல் பக்கத்தில் எதிரணிக்காரரை இடித்துத் தள்ளினார். விசில். நடுவர் கையை நீட்டிப் புள்ளியைக் காட்டினார். பெனால்டி.

"அம்மா, அவரு புடிச்சிடுவாரு" என்றாள் மகள். என்னைப் பார்க்கவில்லை. திரையைப் பார்த்துத்தான் சொன்னாள். "புடிச்சிடுவாரும்மா. எல்லாத்தையும் புடிச்சாரு இல்ல?"

தண்ணீர் எடுத்து வரச் சொன்னால் போக மாட்டாள். எதிரணிக்காரர் பந்தைப் புள்ளியில் வைத்துக்கொண்டிருந்தார். கீப்பர் கோட்டில் நின்று கைகளை விரித்தார். இவளும் ஒற்றைக் கையுறையோடு கைகளை விரித்தாள். நான் திரையின் மேல்பக்கம் இருந்து விரலை இழுத்து, இணையத்தை அணைக்கிற விமானப் படத்தைத் தொட்டேன். தூசியைத் துடைப்பதுபோல் செய்தேன். படம் நின்று, நடுவில் வட்டம் சுற்ற ஆரம்பித்தது.

"நெட் போச்சு" என்றேன்.

அவள் கைப்பேசியைத் தூக்கப் போனாள். நான் முந்திக்கொண்டு எடுத்துவிட்டேன். அவள் ஜன்னலைக் காட்டினாள். "அங்க வெச்சா வரும்மா." ஜன்னலில் வைத்தேன். "மாடிக்குப் போலாம்மா, மாடில வரும்." மாடிக்குப் போனோம். நான் கையை உயர்த்திக் கைப்பேசியை ஆகாயத்துக்குக் காட்டிக்கொண்டு நின்றேன். அவள் என் புடவையைப் பிடித்துக்கொண்டு, "வருதா, வருதா" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். இணையத்தை நானே மூடி வைத்துவிட்டு, வருகிறதா என்று மேலே பார்த்துக்கொண்டு நின்றதை நினைத்தால் இப்போதும் எழுந்து எங்கேயாவது நடக்க வேண்டும்போல் இருக்கிறது.

கீழே வந்த பிறகு, "முடிஞ்சிருக்கும்" என்றாள். அழவில்லை. வாந்தியும் எடுக்கவில்லை. எனக்கு நிம்மதியாக இருந்தது. நாளைக்குக் காலையில் பக்குவமாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். ஆட்டத்தின் முடிவை நான் தேடிப் பார்க்கவில்லை. தெரிந்ததை எதற்குப் பார்க்க வேண்டும்? கணவர் வந்து படுத்தபோது நான் தூங்கிவிட்டிருந்தேன். காலையில் நாங்கள் கிளம்பும்போது அவர் தூங்கிக்கொண்டிருந்தார்.

பள்ளிக்குப் போக ஸ்கூட்டியை வெளியே எடுத்தேன். பக்கத்து வீட்டு அண்ணன் வெள்ளைத் துணியில் சுற்றிய சேலையை அக்குளில் இடுக்கிக்கொண்டு, கடைக்குப் போகத் தயாராக நின்றார்.

"இன்னா பாப்பா, நேத்து பாத்தியா உன் கீப்பர? எகிறி, ஒரே கையில தட்டி வுட்டாரே."

மகள் என்னைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள். "எத மாமா?"

"பெனால்டிய. ஒண்ணும் தெரியாத மாதிரி கேக்கற. ஜெயிச்சாச்சு, அடுத்த ரவுண்டு."

"நெட் போயிடுச்சு மாமா."

"அடடா. கதவத் தட்ட வேண்டியதுதான? ஆனா தட்டியிருந்தாலும் பிரயோஜனம் இல்ல. எங்க வூட்லயும் அப்போ ஓடல."

நான் ஸ்கூட்டியின் ஸ்டாண்டை எடுக்கப் போனவள் அப்படியே நின்றேன். "ஏண்ணா?"

"சேலை முடிஞ்சிடுச்சிமா. விளக்கு வெக்கறதுக்குள்ள தறிலேர்ந்து அறுத்தாவணும். அறுக்கறப்போ டிவி ஓடக் கூடாதுன்னு உங்கக்கா அணைச்சுட்டா."

உள்ளேயிருந்து அக்கா குரல் வந்தது. "பின்ன? மஞ்ச குங்குமம் வெச்சு, சூடம் காட்டி, கத்திரிக்கோல் கையில குடுக்கறேன். இந்தாளு பந்து எங்க போவுதுன்னு பாத்துக்கினு இருந்தா சேலை இன்னாத்துக்கு ஆவும்? கல்யாணப் பொண்ணுக்குப் போற சேலை."

"அப்புறம் திரும்பத் திரும்பப் போட்டாங்க இல்ல, அதுல பாத்தேன் பாப்பா. சாயந்தரம் வா, உனுக்கும் காட்றேன்" என்றார் அண்ணன்.

எனக்குத் தெரியாத வழக்கம் இல்லை. எங்கள் வீட்டிலும் சேலை அறுக்கும்போது யாரும் பேச மாட்டோம். அப்பா கத்தரிக்கோலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். தறி நிற்பதற்கு எத்தனை காரணம் உண்டு என்று என்னைவிட யாருக்குத் தெரியும்? அந்த நேரத்தில் எனக்கு ஒரே ஒரு காரணம்தான் ஞாபகம் வந்தது. பயந்தவளுக்கு அப்படித்தான் கேட்கும் போலிருக்கிறது.

மகள் வண்டியில் பின்னால் உட்கார்ந்திருந்தாள். ரங்கசாமி குளம் தாண்டி சிக்னலில் நின்றபோது, என் முதுகில் வாயை வைத்துக்கொண்டு கேட்டாள்.

"நான் ஆட்டினதாலயாம்மா நெட் போச்சு?"

"இல்லடா."

"நீ ஆட்டாதன்னு ரெண்டு வாட்டி சொன்ன. நான் கையை இப்படி விரிச்சேன் இல்ல, அப்போ பட்டிருக்கும். அப்போதான் நின்னுச்சு."

"அதெல்லாம் இல்லடா. அதுவா போச்சு."

"அப்போ அதுக்கு முன்னாடி எல்லாம் ஏன் போல?"

பின்னால் பேருந்து ஒலி எழுப்பியது. பச்சை விழுந்திருந்தது. நான் வண்டியை எடுத்துவிட்டேன். அந்த இடத்தில் சொல்லியிருக்க வேண்டும். பள்ளி வாசலில் சொல்லியிருக்கலாம். அங்கே அவள் தோழிகள் நின்றுகொண்டிருந்தார்கள். பெனால்டியைப் பார்த்தாயா என்று ஒருத்தி ஓடி வந்து கேட்டாள். "எங்க வீட்ல நெட் போச்சு, நான்தான் கை பட்டு" என்று அவளிடம் சொல்லிக்கொண்டே மகள் உள்ளே போனாள்.

வீட்டுக்கு வந்து அதை நான் தனியாகப் பார்த்தேன். மூன்று நொடிகூட இல்லை. இடது பக்கம் பாய்கிறார், கை நீள்கிறது, பந்து கம்பத்துக்கு வெளியே போகிறது. எழுந்து முகத்தை மூடிக்கொள்கிறார். நான் நாலைந்து தடவை பார்த்தேன். ஒவ்வொரு தடவையும் தடுத்தார். சாயங்காலம் மகளுக்குக் காட்டினேன். பொறுமையாகப் பார்த்தாள். "சூப்பர்மா" என்றாள், நான் செய்த உப்புமாவைச் சொல்வதுபோல. "இன்னொரு வாட்டி போடட்டுமா?" என்று கேட்டேன். "வேணாம்மா. இது முடிஞ்சுபோனது" என்று சொல்லிவிட்டு வீட்டுப்பாடம் எழுதப் போனாள்.

இது நடந்து மூன்று வாரம் ஆகிறது. நடுவில் ஒரு ஆட்டம் வந்தது. பாயை விரித்து, பிளாஸ்க்கைத் தள்ளி வைத்து, கைப்பேசியிலிருந்து ஒரு முழம் பின்னால் உட்கார்ந்தாள். இரண்டு கையையும் தொடைக்கு அடியில் கொடுத்து அழுத்திக்கொண்டாள். கையுறை போடவில்லை. முதலில் எனக்குப் புரியவில்லை. குளிராக இருக்கிறதா என்று கேட்டேன்.

"இல்லம்மா. கை படாம இருக்கத்தான்."

தொண்ணூறு நிமிடமும் அப்படியே இருந்தாள். கோல் விழுந்தபோதும் கையை எடுக்கவில்லை. உட்கார்ந்த இடத்திலேயே குதித்தாள். பக்கத்தில் தறி ஓடியது, நின்றது, ஓடியது. நான் கேட்காமல் இருக்கப் பார்த்தேன். முடியவில்லை. இடையில் ஒரு முறை உண்மையாகவே வட்டம் சுற்றியது. சட்டென்று என் பக்கம் திரும்பி, "நான் தொடல, பாரும்மா" என்று கையை எடுத்துக் காட்டினாள்.

கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். "சொல்லிடு, அவ்ளோதான. நான்தான் அமுத்தனேன்னு சொல்லு. இதுல இன்னா இருக்குது?" என்றார். இன்னும் இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு, "ஏன் அமுத்தனேன்னு கேப்பா" என்றார். அப்புறம் மோர் ஊற்றச் சொன்னார்.

அக்காவிடமும் சொன்னேன். நான் சுவரில் காது வைத்துக் கேட்பேன் என்பதைக் கேட்டு அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அடிப்பாவி, நாங்க சண்ட போடறதும் கேக்குமா?" சிரித்து முடித்துவிட்டு, "எதுக்குடி சொல்ற. கொழந்த, பத்து நாள்ல மறந்துடும். நீ சொன்னா அத மட்டும் மறக்காது" என்றார்.

இரண்டு பேர் சொன்னதும் சரியாகத்தான் படுகிறது. அதுதான் எனக்குப் பிரச்சினை. சொல்லாவிட்டால், தன் கைதான் தன் கீப்பரைப் பார்க்க விடாமல் செய்தது என்று அவள் வைத்துக்கொள்வாள். அது அவள் கை இல்லை, என் விரல். சொன்னால், தண்ணீர் எடுத்து வா என்று அனுப்பியதெல்லாம் வெளியே வரும். அவள் கணக்கில் கெட்டிக்காரி, ஒன்றோடு ஒன்றைக் கூட்டிவிடுவாள். நாளைக்கு ஊசி வலிக்காது என்று நான் சொன்னால் நம்புவாளா? அப்பா பத்திரமாக வந்துகொண்டிருக்கிறார் என்று சொன்னால்? என் சொல்லை நம்பித்தான் அவள் இருட்டில் தனியாகக் குளியலறைக்குப் போகிறாள். இதை எல்லாம் சாக்காகச் சொல்கிறேனோ என்றும் சந்தேகமாக இருக்கிறது. அவள் என்னைப் பார்க்கப்போகிற பார்வைக்குத்தான் பயப்படுகிறேனோ என்னவோ.

வருகிற ஞாயிற்றுக்கிழமை அடுத்த ஆட்டம். நேற்று அவளாகவே கேட்டாள், "அம்மா, நாம மாமா வூட்ல போய் பாக்கலாமா? அங்க நான் எதையும் தொட முடியாது." சரி என்று சொல்லிவிட்டேன். அங்கே போனால் நானும் எதையும் தொட முடியாது. போவதற்கு முன்னால் அவளிடம் ஏதாவது சொல்லியாக வேண்டும். இல்லையென்றால் அங்கேயும் கையைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டுதான் உட்காருவாள்.

இதைப் படிக்கிறவர்களில், குழந்தைக்கு நல்லது என்று நினைத்துப் பொய் சொல்லி, பிறகு அதை அந்தக் குழந்தையிடமே ஒப்புக்கொண்டவர்கள் யாராவது இருப்பீர்கள். எந்த வார்த்தையில் ஆரம்பித்தீர்கள்? ஏன் செய்தாய் என்று கேட்டபோது என்ன சொன்னீர்கள்? பயந்துவிட்டேன் என்று ஏழு வயதுப் பெண்ணிடம் ஒரு அம்மா சொல்லலாமா? தெரிந்தால் எனக்கு எழுதுங்கள். ஞாயிற்றுக்கிழமை நாலரை மணிக்குள் வந்தால் உதவியாக இருக்கும்.